காசிமேடு பார்த்த ஜப்பான்

வெள்ளித்திரையில் தெரிந்ததும் தெரியாததும்

1973-ம் ஆண்டு மே மாதம் 11-ந் தேதி. வெள்ளிக்கிழமை.

தண்டையார்பேட்டையில் உள்ள அகஸ்தியா தியேட்டரில் அன்று ஒரு புதுப்படம் வெளியாயிற்று. எம்.ஜி.ஆர். தயாரித்து, இயக்கி, இரட்டை வேடத்தில் நடித்த "உலகம் சுற்றும் வாலிபன்" அது.

காசிமேட்டில் இருந்து அகஸ்தியா தியேட்டருக்கு நடந்தே போய்விடலாம். கட்டுமரத்தைக் கரையேற்றிவிட்டு வந்தவர்கள், மீன் கூடையை இறக்கி வைத்துவிட்டு வந்த பெண்கள், ஆலையில் வேலை முடித்து வந்த தொழிலாளர்கள் என்று வடசென்னையே அந்தப் படத்தைப் பார்த்தது. சென்னையில் நூறு நாட்களையும் தாண்டி ஓடிய படம் அது.

படத்தில் என்ன விசேஷம்? அண்ணன் விஞ்ஞானி. மின்னலில் இருக்கும் சக்தியைப் பிடித்து வைக்கும் ரகசியத்தைக் கண்டுபிடிக்கிறார். அவர் மறைந்துபோகவே, தம்பி அவரைத் தேடி நாடு நாடாகப் போகிறார். ஹாங்காங், சிங்கப்பூர், தாய்லாந்து என்று போகிற கதை, ஜப்பானுக்கும் போகிறது. ஒசாக்கா நகரில் நடந்த உலகக் கண்காட்சியின் காட்சிகள் வண்ண வண்ணமாகத் திரையில் வருகின்றன.

விமானத்தில் ஏறாமல், கப்பலில் போகாமல், காசிமேட்டு மக்கள் ஜப்பானைப் பார்த்துவிட்டார்கள்!

ஆனால், அவர்கள் பார்த்தது ஜப்பான்தானா?

திருவிழாக் கோலம்

ஒசாக்கா கண்காட்சி சாதாரணக் கண்காட்சி அல்ல. ஆசியக் கண்டத்தில் நடந்த முதல் உலகக் கண்காட்சி அதுதான். 1970-ம் ஆண்டு மார்ச் 15-ந் தேதி தொடங்கி, செப்டம்பர் 13-ந் தேதி வரை 183 நாட்கள் நடந்தது. 77 நாடுகள் கலந்து கொண்டன. வந்து பார்த்தவர்கள் 6 கோடியே 40 லட்சத்துக்கும் அதிகம்.

சந்திரனில் இருந்து அமெரிக்கர்கள் கொண்டுவந்த கல்லை அங்கே வைத்திருந்தார்கள். அந்த ஒரு கல்லைப் பார்க்க மணிக்கணக்கில் வரிசையில் நின்றார்கள் மக்கள். நின்ற இடத்திலேயே நின்றால் போதும், ஆளைச் சுமந்து கொண்டு நகரும் நடைபாதைகள் இருந்தன. இந்தப் புதுமைகளுக்கு நடுவே, சுமார் 70 மீட்டர் உயரத்தில் "சூரிய கோபுரம்" நின்றது. தாரோ ஒகமோட்டோ என்ற கலைஞர் படைத்தது அது.

அந்தக் கோபுரத்துக்கு வெளியே மூன்று முகங்கள் உண்டு. உச்சியில் தங்க முகம். அது எதிர்காலம். வயிற்றுப் பகுதியில் ஒரு முகம். அது நிகழ்காலம். முதுகில் கறுப்பு முகம். அது கடந்த காலம்.

நான்காவதாகவும் ஒரு முகம் இருந்தது. கோபுரத்தின் அடியில், நிலத்துக்குக் கீழே அதை வைத்திருந்தார்கள். கண்காட்சி முடிந்ததும் அது எங்கேயோ போய்விட்டது! 2018-ல் கோபுரத்தின் உட்புறத்தை மறுபடியும் மக்களுக்குத் திறந்துவிட்டபோது, புதிதாக ஒன்றைச் செய்து வைத்தார்கள்.

ஒரு நகரத்துக்கும் அப்படித்தான். வெளியே தெரிகிற முகங்கள் சில. உள்ளே இருக்கிற முகம் ஒன்று.

மாசித் திருவிழாவின்போது திருவொற்றியூருக்கு ஒருவர் முதன்முதலாக வருகிறார் என்று வைத்துக்கொள்வோம். கோயிலைச் சுற்றிக் கூட்டம், விளக்கு, மேளம், கடை கண்ணி எல்லாம் பார்க்கிறார். ஊர் திரும்பியதும், "திருவொற்றியூரில் தினந்தோறும் திருவிழாதான்" என்று சொன்னால் எப்படி இருக்கும்? திரையில் கண்காட்சியைப் பார்த்துவிட்டு, "ஜப்பான் இப்படித்தான்" என்று சொல்வதும் அதே மாதிரிதான்.

அடுத்து, 1985-ல் கமலஹாசன் நடிக்க, எஸ்.பி.முத்துராமன் இயக்கிய "ஜப்பானில் கல்யாணராமன்" வந்தது. அதிலும் ஜப்பானில் நடந்த கண்காட்சிதான் இடம் பெற்றது. இரண்டு முறையும் தமிழ்ப்படம் போய் இறங்கியது திருவிழாவில்!

அப்படியானால், ஒசாக்காவிலும் தோக்கியோவிலும் காலையில் எழுந்து, பல் துலக்கி, வேலைக்குப் போய், வீடு திரும்பும் சாதாரண மனிதர்களை எங்கே பார்ப்பது?

ஜப்பானியர்களே எடுத்த படங்களில் பார்க்கலாம்.

பாயில் உட்கார்ந்த கேமரா

யாசுஜிரோ ஓசு என்று ஒரு இயக்குநர் இருந்தார். 1903-ம் ஆண்டு டிசம்பர் 12-ந் தேதி பிறந்தவர். 1963-ம் ஆண்டு அதே டிசம்பர் 12-ந் தேதி, சரியாக 60 வயதில் மறைந்தார்.

அவர் படங்களில் சண்டை கிடையாது. துரத்தல் கிடையாது. வீடு இருக்கும். அப்பா, அம்மா, பிள்ளைகள் இருப்பார்கள். சாப்பாடு இருக்கும். கல்யாணப் பேச்சு நடக்கும். அவ்வளவுதான்.

ஜப்பானிய வீடுகளில் தரையில் பாய் விரித்து உட்காருவது வழக்கம், நம் வீடுகளைப் போலவே. ஓசு தம் கேமராவை மிகவும் தாழ்வாக வைத்தார். வீட்டுக்கு வந்த விருந்தாளி பாயில் உட்கார்ந்து, எதிரே இருப்பவரைப் பார்ப்பது போல் படம் தெரியும். பார்க்கிறவரும் அந்த வீட்டு மனிதராகிவிடுவார்.

அவர் 1953-ல் எடுத்த "தோக்கியோ கதை" உலகம் முழுவதும் புகழ் பெற்றது. அதன் தொடக்கத்தைக் காசிமேட்டுக்காரர் ஒருவர் பார்த்தால் நிமிர்ந்து உட்காருவார். காரணம், படம் தொடங்குவதே ஒரு துறைமுக ஊரில்தான்!

ஒனோமிச்சி என்பது அந்த ஊரின் பெயர். கடலில் படகு போகும் "டப டப" சத்தம் கேட்கிறது. பிள்ளைகள் பள்ளிக்கூடம் போகிறார்கள். ரெயில் ஒன்று வீடுகளை ஒட்டிப் போகிறது. தோக்கியோவில் இருக்கும் பிள்ளைகளைப் பார்க்க, வயதான தம்பதி பெட்டி கட்டுகிறார்கள்.

தோக்கியோவில் மூத்த மகன் டாக்டர். அவனுக்கு நோயாளிகளைக் கவனிக்கவே நேரம் போதவில்லை. மகள் அழகு நிலையம் நடத்துகிறாள். அவளுக்கும் ஓய்வில்லை. பெற்றோரை வைத்துப் பார்க்க முடியாமல், "கடலோர ஊருக்குப் போய் ஓய்வெடுங்கள்" என்று அனுப்பி வைக்கிறார்கள். அங்கே இரவெல்லாம் ஆட்டமும் பாட்டும். கிழவரும் கிழவியும் தூங்க முடியாமல் திரும்பி விடுகிறார்கள்.

அன்பாகப் பார்த்துக்கொள்வது யார் தெரியுமா? போரில் இறந்துபோன மகனின் மனைவி! விதவையான அந்த மருமகள், ஆபீசில் லீவு கேட்டு வாங்கி, மாமனார் மாமியாரை ஊர் சுற்றிக் காட்டுகிறாள். ஒற்றை அறையில் குடியிருக்கும் அவள், பக்கத்து வீட்டில் இரவல் வாங்கி வந்து உபசரிக்கிறாள்.

ஊருக்குத் திரும்பும் வழியில் தாய்க்கு உடம்பு சரியில்லாமல் போகிறது. வீடு சேர்ந்த பிறகு இறந்து விடுகிறாள். அடக்கம் முடிந்த கையோடு மகள், "அம்மாவின் இந்த உடை எனக்கு, அது எனக்கு" என்று கேட்கிறாள். கிழவரோ, மனைவியின் கைக்கடிகாரத்தை மருமகளிடம் கொடுக்கிறார்.

இந்தக் கதை ஜப்பானில் மட்டுமா நடக்கிறது? எண்ணூரில் நடக்காதா? ராயபுரத்தில் நடக்காதா? சந்திரன் கல் இல்லாத ஜப்பான் இது. நகரும் நடைபாதை இல்லாத ஜப்பான். ஆனால் மனிதர்கள் இருக்கிறார்கள்.

பையன்களின் வேலைநிறுத்தம்

ஓசு 1959-ல் எடுத்த இன்னொரு படத்துக்குப் பெயர் "ஓஹாயோ". ஜப்பானிய மொழியில் "காலை வணக்கம்" என்று பொருள்.

வரிசையாகச் சின்னச் சின்ன வீடுகள். ஒரு வீட்டில் நடப்பது அடுத்த வீட்டுக்குத் தெரியும். மாதர் சங்கச் சந்தாப் பணம் எங்கே போயிற்று என்று பெண்கள் கிசுகிசுக்கிறார்கள். ஒருத்தி புதிதாகத் துணி துவைக்கும் எந்திரம் வாங்கிவிட்டாள். "ஓகோ! சந்தாப் பணம் அங்கே போயிற்றா!" என்று ஊர் முடிவு கட்டிவிடுகிறது.

அண்ணன் தம்பி இரண்டு பேர். மல்யுத்தம் பார்ப்பதற்காக அடுத்த வீட்டு டெலிவிஷன் முன்னால் போய் உட்காருகிறார்கள். "நம் வீட்டிலும் ஒன்று வாங்கு" என்று அடம் பிடிக்கிறார்கள். "வாயை மூடு" என்கிறார் அப்பா.

பையன்கள் உண்மையிலேயே வாயை மூடிவிடுகிறார்கள்! வீட்டிலும் பேச்சில்லை, பள்ளிக்கூடத்திலும் பேச்சில்லை. எதிரே வருகிற அடுத்த வீட்டு அம்மாளுக்கு வணக்கமும் சொல்வதில்லை. அந்த அம்மாளோ, "இவர்கள் தாய் என்மேல் கோபமாக இருக்கிறாள், அதனால்தான் பிள்ளைகள் பேசவில்லை" என்று நினைத்துக் கொள்கிறாள். ஊரே இரண்டுபடுகிறது. கடைசியில் டெலிவிஷன் வந்து சேருகிறது. பையன்களின் வாயும் திறக்கிறது.

இதைப் படிக்கும்போது தமிழ்ப்படம் ஒன்று நினைவுக்கு வருகிறதல்லவா? ஆம், 2015-ல் வெளியான "காக்கா முட்டை"தான். மணிகண்டன் இயக்கியது. அங்கே டெலிவிஷன், இங்கே பீட்சா. அங்கேயும் அண்ணன் தம்பி, இங்கேயும் அண்ணன் தம்பி.

சென்னைக் குடிசைப் பகுதியைச் சேர்ந்த இந்தச் சிறுவர்கள், ரெயிலில் இருந்து தண்டவாளத்தில் விழும் கரியைப் பொறுக்கி விற்று, காசு சேர்க்கிறார்கள். பீட்சா கடைக்குப் போனால் உள்ளே விடவில்லை, அடிதான் விழுகிறது. முடிவில் அதே கடையில் மரியாதையோடு உட்கார வைத்துப் பீட்சா தருகிறார்கள். தின்று பார்த்தால்? "ஆயா சுட்ட தோசையே இதைவிட நன்றாக இருந்தது" என்று ஆகிவிடுகிறது!

குழந்தைகள் படத்துக்கான தேசிய விருது இந்தப் படத்துக்குக் கிடைத்தது. நடித்த இரு சிறுவர்களும் சிறந்த குழந்தை நட்சத்திரத்துக்கான தேசிய விருதைப் பகிர்ந்து கொண்டார்கள்.

இரண்டு படங்களுக்கும் நடுவே 56 ஆண்டுகள். ஆயிரக்கணக்கான மைல்கள். ஆனால் பிள்ளைகளின் ஆசை ஒன்றுதான். ஒரே ஒரு வித்தியாசம்: ஜப்பானியப் பையன்கள் அப்பாவோடு மட்டும் போராடினால் போதும். சென்னைப் பையன்கள் கடை வாசலில் நிற்கும் காவலாளியோடும் போராட வேண்டியிருந்தது.

சாக்கடையும் பூங்காவும்

ஜப்பானின் மற்றொரு பெரிய இயக்குநர் அகிரா குரோசவா. வாள் வீரர்களின் படங்களால் உலகப் புகழ் பெற்றவர். 1952-ல் அவர் எடுத்த "இக்கிரு" படத்தில் வாள் கிடையாது. ஒரு ஆபீஸ் அதிகாரிதான் கதாநாயகன். "இக்கிரு" என்றால் "வாழ்தல்".

ஒரு தெருவில் கழிவுநீர் தேங்கிக் கிடக்கிறது. கொசு மொய்க்கிறது. பிள்ளைகளுக்கு நோய் வருகிறது. அந்தத் தெருப் பெண்கள் மனுக் கொடுக்க வருகிறார்கள். "இது எங்கள் பிரிவு அல்ல, அந்த அறைக்குப் போ" என்கிறார் ஒருவர். அந்த அறையில் இருப்பவர் வேறு அறையைக் காட்டுகிறார். இப்படியே ஆபீஸ் முழுவதும் சுற்றி, புறப்பட்ட இடத்துக்கே வந்து சேருகிறார்கள்!

வடசென்னையில் கழிவுநீர் தேங்கிய தெருவில் குடியிருந்தவர்களுக்கு இந்தக் காட்சியை யாரும் விளக்க வேண்டியதில்லை.

அந்த ஆபீசின் பிரிவுத் தலைவருக்கு ஒருநாள் ஓர் உண்மை தெரிய வருகிறது. வயிற்றில் புற்றுநோய். இன்னும் சில மாதங்கள்தான் வாழ்வு. 30 ஆண்டுகள் காகிதத்தில் முத்திரை குத்தியதைத் தவிர வேறு ஒன்றும் செய்யவில்லையே என்று அவர் மனம் கலங்குகிறது. கடைசியில் அந்தப் பெண்களின் மனுவை எடுக்கிறார். மேலதிகாரிகளிடம் குனிகிறார், கெஞ்சுகிறார், காத்திருக்கிறார். ரவுடிகள் மிரட்டியும் அசையவில்லை. சாக்கடை மூடப்படுகிறது. குழந்தைகளுக்குப் பூங்கா எழும்புகிறது. பனி கொட்டும் இரவில், அந்தப் பூங்காவின் ஊஞ்சலில் ஆடியபடியே அவர் உயிர் பிரிகிறது.

சடங்குக்கு வந்த ஆபீஸ் சிப்பந்திகள், "இனி நாமும் அவரைப் போல் உழைப்போம்" என்று சபதம் செய்கிறார்கள். மறுநாள் வேறொரு மனு வருகிறது. "அந்த அறைக்குப் போ!" என்கிறார்கள், பழையபடி.

ஜப்பானில் எல்லாமே ஒழுங்கு, எல்லாமே சுத்தம் என்று இன்று நாம் வியக்கிறோம். ஆனால் சாக்கடையை மூடச் சொல்லிப் பெண்கள் அலைந்த காலம் அங்கேயும் இருந்தது என்பதை இந்தப் படம் காட்டிக் கொடுத்துவிடுகிறது.

விடியுமுன் ஏலம்

தோக்கியோவில் சுகிஜி என்ற இடத்தில் பெரிய மீன் சந்தை இருந்தது. 1935-ல் தொடங்கியது. 2018 அக்டோபரில் அதை மூடி, தொயோசு என்ற இடத்தில் புதிய சந்தையைத் திறந்தார்கள்.

பழைய சந்தையை 2011-ல் வந்த "ஜிரோவின் சுஷிக் கனவு" என்ற ஆவணப்படத்தில் பார்க்கலாம். 85 வயதிலும் வேலையை விடாத மீன் உணவுக் கலைஞர் ஒருவரைப் பற்றிய படம் அது. அவருடைய கடை, கட்டடத்தின் நிலவறையில் இருந்த சின்னஞ்சிறு கடை.

சந்தையில் பெரிய சூரை மீன்களைத் தரையில் வரிசையாகக் கிடத்தியிருக்கிறார்கள். வியாபாரிகள் கையில் டார்ச் விளக்கு. மீனின் வால் பக்கத்தை வெட்டி வைத்திருப்பார்கள். அந்த இடத்தில் வெளிச்சம் அடித்து, சதையின் நிறத்தையும் கொழுப்பையும் பார்த்து விலை தீர்மானிக்கிறார்கள். ஏலம் கூறுபவர் ராகம் போட்டுக் கத்துகிறார். வாங்குபவர்கள் விரல் ஜாடையால் விலை சொல்கிறார்கள்.

காசிமேட்டில் மட்டும் என்ன நடக்கிறது? ஊர் தூங்கும் நேரத்தில் துறைமுகம் விழித்திருக்கிறது. பல நாள் கடலில் தங்கிய விசைப்படகுகள் வந்து அணைகின்றன. வஞ்சிரம், வவ்வால், சங்கரா, கொடுவா, இறால், நண்டு எல்லாம் கூடை கூடையாக இறங்குகின்றன. ஏலம் தொடங்குகிறது. செவுளைத் தூக்கிப் பார்த்து, கண்ணைப் பார்த்து, விரலால் அழுத்திப் பார்த்து மீனின் வயதைச் சொல்லிவிடுகிறார்கள் பெண்கள். டார்ச் விளக்குக்கு வேலை இல்லை!

சுகிஜியைப் பார்க்க உலகத்தின் பல மூலைகளில் இருந்து சுற்றுலாப் பயணிகள் வந்தார்கள். படமும் பாட்டும் எழுத்தும் அதைப் புகழ்ந்தன. காசிமேட்டுக்கு அந்தப் பெயர் கிடைக்கவில்லை. மீன் வாங்க வருபவர்கள் ஞாயிற்றுக்கிழமை முண்டியடித்து வருகிறார்கள். பிறகு மூக்கைப் பிடித்துக்கொண்டு போய்விடுகிறார்கள்.

அங்கே "முத்து"

ஜப்பானை நாம் தவறாகப் பார்த்தோம் என்றால், ஜப்பானியர்கள் நம்மைச் சரியாகப் பார்த்தார்களா?

1995 தீபாவளிக்கு வெளியானது ரஜினிகாந்த் நடித்த "முத்து". ஜப்பானியச் சினிமா விமர்சகர் ஒருவர் சிங்கப்பூரில் அதன் வீடியோவைப் பார்த்து மயங்கிவிட்டார். 1998-ல் "முத்து, ஆடும் மகாராஜா" என்று பொருள்படும் பெயரில் தோக்கியோவில் திரையிட்டார்கள். மாதக்கணக்கில் ஓடியது. 2022-ல் "ஆர்.ஆர்.ஆர்." வந்து முந்தும் வரையில், ஜப்பானில் அதிக வசூல் பெற்ற இந்தியப் படம் என்ற பெருமை அதற்கு இருந்தது.

அரண்மனை, குதிரை வண்டி, நூறு பேர் ஆடும் நடனம்! தோக்கியோவில் தினமும் ரெயிலில் நெருக்கியடித்து ஆபீஸ் போய் வந்தவர்களுக்கு அது பெரிய விருந்து. ஆனால், அதைப் பார்த்துவிட்டு, "தமிழ்நாட்டில் வண்டிக்காரர்கள் எல்லாரும் ஒருநாள் ஜமீன்தார் ஆவார்கள்" என்று எவரேனும் நினைத்தால், அது ஒசாக்கா கண்காட்சியைப் பார்த்து நாம் நினைத்தது போலத்தான்.

ரசிகர்களோ அதோடு நிற்கவில்லை. ரஜினி படம் வெளியாகும்போது ஜப்பானில் இருந்து சென்னைக்கே வந்து பார்த்தவர்கள் உண்டு. தமிழ் கற்றுக் கொண்டவர்களும் உண்டு. திருவிழாவைப் பார்க்க வந்தவர்கள், ஊரையும் பார்த்துவிட்டுப் போனார்கள்.

கத்தி மட்டும்தானா?

சரி, காசிமேட்டையும் வடசென்னையையும் தமிழ்ப்படங்கள் எப்படிக் காட்டின?

நெடுங்காலம் வடசென்னை என்றால் திரையில் வில்லனின் ஆட்கள்தான். லுங்கி, கத்தி, கரடுமுரடான பேச்சு. ஒருவன் காசிமேட்டான் என்றால், அவன் அடியாள் என்று படம் பார்ப்பவர் முடிவு செய்துவிடுவார்.

பிறகு காற்று மாறிற்று. பா.ரஞ்சித் இயக்கிய "மெட்ராஸ்" 2014-ல் வந்தது. வீட்டு வசதிக் குடியிருப்பு, கால்பந்து, நண்பர்கள், ஒரு சுவரை யார் வைத்திருப்பது என்ற அரசியல் சண்டை எல்லாம் அதில் இருந்தன. 2021-ல் அவரே எடுத்த "சார்பட்டா பரம்பரை", 1970-களில் வடசென்னையில் கொடிகட்டிப் பறந்த குத்துச்சண்டையைக் காட்டியது. அதன் கதாநாயகன் துறைமுகத்தில் மூட்டை தூக்கும் தொழிலாளி.

2018 அக்டோபர் 17-ல் வெற்றிமாறனின் "வட சென்னை" வந்தது. கேரம் ஆட்டக்காரன் ஒருவன் ரவுடிகளின் பகைக்குள் சிக்குவதுதான் கதை. ஆனால் அதன் அடியில் வேறொரு கேள்வியும் இருந்தது. வளர்ச்சித் திட்டம் வரும்போது, கடலோரத்தில் குடியிருக்கும் மீனவர்கள் எங்கே போவது? இந்தக் கேள்வியைப் பெரிய நடிகர்களின் படம் ஒன்று கேட்டது நல்ல காரியம்தான்.

எனினும், படகில் நடப்பதாக வந்த ஒரு காட்சி மீனவர்களைப் புண்படுத்திவிட்டது. எதிர்ப்புக் கிளம்பியது. இயக்குநர் வருத்தம் தெரிவித்து, அந்தக் காட்சியை நீக்குவதாக அறிவித்தார்.

ஏன் இவ்வளவு கோபம்? படகு என்பது மீனவனுக்கு வெறும் மரமும் எந்திரமும் அல்ல. பொட்டு வைத்து, பூப்போட்டு, கும்பிட்டு ஏறும் இடம் அது. சோறு போடும் தாய். இந்தச் சேதி ஊருக்குள் பிறந்தவனுக்குச் சொல்லாமலே தெரியும். வெளியில் இருந்து பார்ப்பவருக்குக் கேட்டால்தான் தெரியும்.

சினிமாதானே என்று தள்ளிவிட முடியாது. "எந்த ஊர்?" என்று ஒருவர் கேட்கிறார். "காசிமேடு" என்று இளைஞன் பதில் சொல்கிறான். கேட்டவர் முகம் மாறினால், அந்த மாற்றத்தில் சினிமாவுக்கும் பங்கு உண்டு. வேலை கேட்டுப் போகும் இடத்திலும், வாடகைக்கு வீடு கேட்கும் இடத்திலும் அந்த முகமாற்றம் ஒருவனைத் தடுத்துவிடக் கூடும். கத்தியைப் பிடிக்காதவனுக்கும் கத்தியின் பெயர் ஒட்டிக்கொள்கிறது.

திரையில் வராத காசிமேடு

இன்றைய மீன்பிடித் துறைமுகம் 1984-ல் பயன்பாட்டுக்கு வந்தது. அங்கே ஒருநாள் வேலையை எண்ணிப் பாருங்கள்.

ஐஸ் கட்டிகளை உடைத்துப் படகில் ஏற்றுபவர் ஒருவர். டீசல் பிடிப்பவர் ஒருவர். வலையின் கிழிசலைத் தைப்பவர் ஒருவர். எந்திரக் கோளாறு பார்ப்பவர் ஒருவர். படகுக்கு மரவேலை செய்பவர் ஒருவர். கூடை தூக்குபவர், ஏலம் விடுபவர், கணக்கு எழுதுபவர், மீன் வெட்டிக் கொடுப்பவர், கருவாடு காயவைப்பவர் என்று பட்டியல் நீளும். விடியற்காலையில் இவர்களுக்கு இட்லியும் டீயும் விற்பவர்களைச் சேர்க்கவில்லை!

பெண்களின் உழைப்பு தனி. ஏலத்தில் எடுத்த மீனைச் சுமந்து, பஸ்ஸிலும் ஆட்டோவிலும் ஏறி, தெருத் தெருவாக விற்று, மாலையில் கடன் கொடுத்தவருக்குக் கட்டிவிட்டு, மிச்சத்தில் அடுப்பு மூட்டும் தாய்மார்கள் எத்தனையோ பேர்.

ஆண்டுக்கு 61 நாட்கள் விசைப்படகுகள் கடலுக்குப் போகக் கூடாது. ஏப்ரல் 15-ந் தேதி முதல் ஜூன் 14-ந் தேதி வரை மீன்கள் இனப்பெருக்கம் செய்யும் காலம் என்பதால் இந்தத் தடை. அப்போது துறைமுகம் அமைதியாகிவிடும். படகுகளுக்கு வண்ணம் அடிப்பார்கள். வலை சரிபார்ப்பார்கள். பள்ளி திறக்கும் ஜூன் மாதமும் அதே சமயத்தில்தான் வருகிறது. வருமானம் இல்லாத மாதத்தில் நோட்டும் புத்தகமும் சீருடையும் வாங்க வேண்டும்! ஒரு ஓசு இருந்தால், இந்த ஒரு மாதத்தை வைத்தே ஒரு படம் எடுத்துவிடுவார்.

2004-ம் ஆண்டு டிசம்பர் 26-ந் தேதி சுனாமி வந்தபோது இந்தக் கரையையும் தாக்கியது. படகுகள் நொறுங்கின. ஆனாலும் மீனவர்கள் மறுபடியும் அதே கடலுக்குள் போனார்கள். கத்திச்சண்டையைவிட இதற்கு அதிகத் துணிச்சல் வேண்டும்.

கழிப்பறை கழுவும் கதாநாயகன்

இப்படிப்பட்ட சாதாரண வேலைகளைப் படம் எடுத்தால் யார் பார்ப்பார்கள் என்று கேட்கலாம்.

2023-ல் "பெர்ஃபெக்ட் டேஸ்" என்ற படம் வந்தது. ஜெர்மன் இயக்குநர் விம் வெண்டர்ஸ் தோக்கியோவில் எடுத்தது. அவர் ஓசுவின் பரம ரசிகர். கதாநாயகனுக்கு "ஹிராயாமா" என்று பெயர். "தோக்கியோ கதை"யில் வரும் குடும்பத்தின் பெயரும் அதுதான்.

அவருக்கு என்ன வேலை? பொதுக் கழிப்பறைகளைச் சுத்தம் செய்வது!

விடியற்காலையில் எழுகிறார். பாயைச் சுருட்டுகிறார். செடிகளுக்கு நீர் தெளிக்கிறார். வண்டியில் போய்க் கழிப்பறைகளைத் துடைக்கிறார். மதியம் மரத்தடியில் சாப்பிடுகிறார். இலைகளுக்கு நடுவே விழும் வெயிலைப் படம் பிடிக்கிறார். இரவில் புத்தகம் படித்துவிட்டுத் தூங்குகிறார். மறுநாளும் அதேதான். இந்த வேடத்தில் நடித்த கோஜி யகுஷோவுக்குக் கான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகர் விருது கொடுத்தார்கள். உலகம் முழுவதும் மக்கள் பார்த்தார்கள்.

தமிழிலும் இந்த முயற்சி புதிதல்ல. எழுத்தாளர் ஜெயகாந்தன் தம் கதையான "உன்னைப்போல் ஒருவன்" நாவலைத் தாமே இயக்கி, 1965-ல் வெளியிட்டார். சென்னைச் சேரி மக்களின் வாழ்வைச் சொன்ன அந்தப் படத்துக்குத் தேசிய விருதுகளில் மூன்றாவது சிறந்த படத்துக்கான தகுதிச் சான்று கிடைத்தது. ஆனால் கொட்டகைகளில் கூட்டம் சேரவில்லை. படம் எடுக்கத் துணிந்தவர் இருந்தார். பார்க்கத்தான் ஆள் போதவில்லை.

இப்போது யார் கையில் கேமரா?

உலகம் சுற்றிய வாலிபனை வடசென்னைக்குக் காட்டிய அகஸ்தியா தியேட்டர், 1967-ல் தொடங்கி 53 ஆண்டுகள் நடந்து, 2020-ல் மூடப்பட்டது. அந்தத் திரையில் ஒசாக்காவைப் பார்த்தவர்கள் இன்று தாத்தா, பாட்டி ஆகிவிட்டார்கள்.

பேரப்பிள்ளைகள் கையில் கைப்பேசி இருக்கிறது. "தோக்கியோ கதை"யும் "ஓஹாயோ"வும் தேடினால் கிடைக்கின்றன. மொழி தெரியாது என்று தயங்க வேண்டியதில்லை. வீட்டுக்கு வந்த மாமியார் நெளிவதும், பிள்ளை அடம் பிடிப்பதும் எந்த மொழியிலும் புரியும்.

அதே கைப்பேசியில் கேமராவும் இருக்கிறது. தமிழ்நாட்டுக் கடற்கரைகளில் மீனவ இளைஞர்கள் பலர், வலை வீசுவதையும், நடுக்கடலில் மீன் குழம்பு வைப்பதையும் தாங்களே படமெடுத்து இணையத்தில் போடுகிறார்கள். லட்சக்கணக்கானவர்கள் பார்க்கிறார்கள். கத்தியும் இல்லை, கனவு அரண்மனையும் இல்லை. அலை இருக்கிறது, வியர்வை இருக்கிறது, சிரிப்பு இருக்கிறது.

ஜப்பானைத் தெரிந்துகொள்ள ஜப்பானியர் எடுத்த படம் வேண்டியிருந்தது. காசிமேட்டைத் தெரிந்துகொள்ளக் காசிமேட்டுப் பிள்ளைகள் எடுக்கும் படம் வேண்டும். ஏலம் கூறும் அப்பாவையும், கூடை சுமக்கும் அம்மாவையும் அவர்கள் எடுக்கட்டும். கேமராவை உயரத்தில் வைக்க வேண்டாம். பாயில் உட்கார்ந்து பார்க்கிற உயரம் போதும்.